மூன்று சரோஜா டீச்சர்கள்

எங்கள் பள்ளி மலருக்காக ஆசிரியர் பட்டியலைச் சரிபார்க்கச் சொல்லி அனுப்பியிருந்தார்கள். அதில் ஒரே ஒரு சரோஜா டீச்சர்தான் இருந்தார். போன் போட்டுக் கேட்டால், "ஒரே பேர் மூணு வாட்டி வந்திருந்துதுக்கா, டைப் பண்ணதுல தப்புன்னு ரெண்டை எடுத்துட்டோம்" என்கிறார் தம்பி. தப்பில்லை தம்பி. மூன்று பேரும் நிஜம்.

1970-களில் கடலூர் மஞ்சக்குப்பத்தில் நம்மோடு படித்தவர்களுக்குத் தெரியும். கணக்கு சரோஜா டீச்சர், தையல் சரோஜா டீச்சர், முதுநகரிலிருந்து, அதாவது ஓல்டு டவுனிலிருந்து, பஸ்ஸில் வரும் ஓ.டி. சரோஜா டீச்சர். மூவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது.

ஒரு ஐப்பசி மழை. கெடிலத்தில் வெள்ளம், வகுப்பில் பாதிப் பேர் வரவில்லை. தையல் டீச்சர் காஜா எடுக்கக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருந்தார். நான்தான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல், "ஏன் டீச்சர் மூணு பேருக்கும் ஒரே பேரு?" என்று கேட்டுவிட்டேன். நூல் நுனியை நாக்கில் நனைத்து, ஒரு கண்ணை மூடி ஊசியில் கோத்த பிறகுதான் பதில் வந்தது. "எங்கம்மா என்னை வயித்துல வச்சிக்கிட்டு பாலயோகினி படம் பாத்தாங்கடி. அந்தக் கொழந்தை பேரையே வச்சிட்டாங்க. கணக்கு டீச்சரைக் கேளு, அவங்க வீட்லயும் இதே கதைதான்."

கணக்கு டீச்சரைக் கேட்கும் தைரியம் எனக்குக் கடைசிவரை வரவில்லை.

பாலயோகினி வந்தது 1937-இல். எடுத்தவர் கே. சுப்ரமணியம். அதில் நடித்த குழந்தை பேபி சரோஜா அவருடைய சகோதரர் மகள், 1931-இல் பிறந்தவர், அப்போது ஐந்தாறு வயது. விதவைகள் படும் பாட்டையும் சாதிக் கொடுமையையும் அந்தக் காலத்திலேயே துணிந்து பேசிய படம். ஜனங்கள் என்னவோ அந்தக் குழந்தையைத்தான் மனதில் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போனார்கள். ஹாலிவுட்டின் குழந்தை நட்சத்திரத்தோடு ஒப்பிட்டு, இந்தியாவின் ஷெர்லி டெம்பிள் என்றார்கள். ஊர் ஊராகப் பெண் குழந்தைகளுக்குச் சரோஜா என்று பேர் விழுந்தது. (சரோஜினி நாயுடுவுக்கும் இதில் பங்குண்டு என்பார் என் வீட்டுக்காரர். இருக்கட்டும்.)

அப்புறம் 1939-இல் தியாகபூமி, 1941-இல் காமதேனு. அவ்வளவுதான், மூன்றே படம். நாம் ஐந்தாம் வகுப்பு முடிக்கும் வயதில் அவர் பேரும் புகழும் பார்த்து முடித்துவிட்டார்.

தியாகபூமியை இங்கே சிங்கப்பூரில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மகளின் கைப்பேசியில் பார்த்தேன். வெள்ளைக்காரன் தடை போட்ட படம். சம்பு சாஸ்திரியாக பாபநாசம் சிவன், சாவித்திரியாக எஸ்.டி. சுப்புலட்சுமி. சரோஜாவுக்குப் பேத்தி சாரு வேஷம். பெற்றவள் எதிரே வந்து நின்றாலும் அம்மா என்று தெரியாத குழந்தை. பெரியவர்கள் மேடை நாடகம் போல நின்று பேச, இவள் மட்டும் நம் வீட்டுப் பிள்ளை மாதிரித் திரிகிறாள். பார்க்கப் பார்க்க எனக்குத் தையல் டீச்சரின் அம்மா ஞாபகம்தான். நான் பார்த்தேயிராத அம்மா.

பேபி சரோஜா 2019-இல் காலமானார்.

பட்டியலில் மூன்று பேரையும் சேர்த்துவிடு தம்பி. இனிஷியல் எனக்கு ஞாபகமில்லை. கணக்கு, தையல், ஓ.டி. என்றே போடு. அடி வாங்கினவர்களுக்குப் புரியும்.