கறி இல்லாத காராமணிப் பானை

இன்றைக்கு ஒரு பானை காராமணி. தட்டைப்பயறு என்றால் சிலருக்குச் சட்டெனப் புரியும். ஊறவைக்க மறந்துவிட்டேன். பரவாயில்லை, இது கொண்டைக்கடலை இல்லை. அப்படியே கழுவிப் போட்டாலும் ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் வெந்துவிடும்.

கறி போடாவிட்டால் சப்பென்று இருக்கும் என்பார்கள். வெங்காயத்தை அவசரமாக வதக்கினால் அப்படித்தான். நான் 20 நிமிடம் சிறு தீயில் விட்டேன். ஓரமெல்லாம் கருஞ்சிவப்பானதும் தண்ணீர் தெளித்து, அடியில் பிடித்ததைச் சுரண்டினேன். ருசியே அந்தச் சுரண்டலில்தான் இருக்கிறது. அப்புறம் பூண்டு, மிளகு, பிரியாணி இலை, பயறு.

தக்காளி மட்டும் கடைசியில். போன தடவை முதலிலேயே போட்டுத் தொலைத்தேன்; ஒன்றரை மணி நேரமாகியும் பயறு நறுக்கென்றே இருந்தது. புளிப்பு பட்டால் சீக்கிரம் வேகாது.

வெந்த பயறில் ஒரு கரண்டி மசித்துத் திரும்பக் கலந்ததில் சாறு நன்றாகக் கெட்டிப்பட்டது. எண்ணெய் மொத்தமே ஒரு ஸ்பூன்தான். வெந்த பயறு ஒரு கப்பில் சுமார் 13 கிராம் புரதம் இருக்கிறதாம். நான் சாப்பிட்டது இரண்டு கிண்ணம். சரி, இரண்டரை.