ஹன்ட்ஸ்வில் போனால் சிலையை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடாதீர்கள்

நேற்று ராத்திரிதான் ஹூஸ்டன் திரும்பினேன். கால் வலி இன்னும் விடவில்லை, டாக்சிக்காரர் மேல் கோபமும் ஆறவில்லை. ஆனாலும் பார்த்ததெல்லாம் மனசில் சூடாக இருக்கும்போதே எழுதிவிடுகிறேன்.

அக்கா வீட்டுக்கு வந்து மூன்று வாரம் ஆகிறது. "இந்த ஊருக்கே அவர் பேர்தானேடா, அவர் வாழ்ந்த ஊரையும் ஒருநாள் பார்த்துட்டு வா" என்றாள். அவர் என்றது டெக்சாஸின் பழைய தலைவர் சாம் ஹூஸ்டனை. அவர் வாழ்ந்து மறைந்த ஹன்ட்ஸ்வில், இங்கிருந்து வடக்கே சுமார் 70 மைல். கார் வாடகை நமக்குக் கட்டுப்படியாகாது, அதனால் பஸ். அது ஒன்றரை மணி நேரம் தாமதமாக வந்தது. தாமதத்தைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். என் சீட்டுக்கு மேலே ஏசி வாயை மூடவே முடியவில்லை, வழியெல்லாம் பல் தந்தியடித்தது. கட்டாயம் ஸ்வெட்டர் கொண்டுபோங்கள்.

இறங்கியதும் நெடுஞ்சாலை ஓரத்தில் இருக்கும் அவர் சிலைக்கு டாக்சி பிடித்தேன். பத்து நிமிஷப் பயணத்துக்கு 35 டாலர்! கிட்டத்தட்ட மூவாயிரம் ரூபாய். ஏறும்போது சொன்னது 20. கேட்டால், திரும்பி வர சவாரி கிடைக்காதாம். ஏறும் முன்னாலேயே தொகையைப் போனில் எழுதிக் காட்டி, சரி என்று சொல்ல வைத்துவிடுங்கள்.

சிலை பெரிசுதான். வெள்ளை வெளேரென்று 67 அடி, பீடத்தோடு 77. 1994-ல் வைத்தது. கையில் ஒரு தடி. அந்தத் தடியைப் பார்த்ததும் எனக்கு 1832 ஞாபகம் வந்தது. ஸ்டான்பெரி என்ற அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினர் தன்னை ஊழல்காரன் என்று பேசிவிட்டார் என்று, வாஷிங்டன் நடுத்தெருவில் அவரைத் தடியால் விளாசினார் ஹூஸ்டன். ஸ்டான்பெரி துப்பாக்கியை அழுத்த, அது வெடிக்கவில்லை. நாடாளுமன்ற அவையில் விசாரணை நடந்து, கண்டிப்போடு முடிந்தது.

அதற்கு மூன்று வருஷம் முன்னால் அவர் டென்னசி கவர்னர். கல்யாணம் சில வாரத்திலேயே முறிந்தது. காரணத்தை யாரிடமும் சொல்லாமல் பதவியைத் தூக்கிப் போட்டுவிட்டு செரோக்கி என்ற பழங்குடி மக்களிடம் போய்விட்டார். பதின்ம வயதிலேயே வீட்டைவிட்டு ஓடி அவர்களோடு வாழ்ந்தவர். அவர்கள் வைத்த பெயர் அண்டங்காக்கை. பிறகு, மெக்சிகோவிடமிருந்து பிரியப் போராடிக்கொண்டிருந்த டெக்சாஸ். 1836 ஏப்ரல் 21, சான் ஹசின்டோவில் 18 நிமிஷத்தில் மெக்சிகோ படையை முறியடித்தார். தனிநாடான டெக்சாஸின் குடியரசுத் தலைவர், அது அமெரிக்காவோடு சேர்ந்தபின் செனட்டர், கடைசியில் டெக்சாஸ் கவர்னர். மக்கள் ஓட்டுப் போட்டு இரண்டு மாநிலங்களுக்குக் கவர்னரானவர் அமெரிக்காவில் அவர் ஒருவர்தான்.

மத்தியானம் ஒரு சின்னக் கடையில் பிரிஸ்கெட் சாப்பிட்டேன். பல மணி நேரம் விறகுப் புகையில் வெந்த மாட்டிறைச்சி, வெளியே கரிக்கட்டை மாதிரி கறுப்பு, உள்ளே விரல் பட்டாலே பிய்கிறது. கூட வெறும் ரொட்டி, பச்சை வெங்காயம், ஊறப்போட்ட வெள்ளரி. 16 டாலர். பர்ஸைப் பார்த்துத்தான் கொடுத்தேன், ஆனால் ஒரு செண்ட்கூட வீணில்லை. டாக்சிப் பணம் போன வயிற்றெரிச்சல் அங்கேதான் கொஞ்சம் அடங்கியது.

இனி, உண்மையிலேயே பார்க்க வேண்டிய இடம். அருங்காட்சியக வளாகத்தில் 'ஸ்டீம்போட் ஹவுஸ்' என்று ஒரு மரவீடு. ஆற்றில் ஓடும் நீராவிப் படகு மாதிரியே கட்டியிருக்கிறார்கள். மேல்மாடிக்கு வெளியிலிருந்தே படிக்கட்டு, பக்கவாட்டில் கப்பல் தளம்போல நீளத் தாழ்வாரம். ஊரை ஆண்டவர் கடைசியில் வாடகைக்கு இருந்த வீடு இது. கீழ் அறையில்தான் 1863 ஜூலை 26-ல், 70 வயதில் இறந்தார். அந்த அறைக்கு முன்னால் ரொம்ப நேரம் நின்றேன்.

1861-ல் டெக்சாஸ் அமெரிக்காவிலிருந்து பிரிந்து தென்மாநிலக் கூட்டணியில் சேர்ந்தது. அதற்கு விசுவாசப் பிரமாணம் எடுக்கச் சொன்னார்கள். அவர் மறுத்தார். பெயரைக் கூப்பிடக் கூப்பிட, சட்டமன்றக் கட்டடத்தின் கீழ்த்தளத்தில் உட்கார்ந்து கத்தியால் மரத்துண்டு சீவிக்கொண்டிருந்தார் என்று சொல்வார்கள். கவர்னர் பதவி பறிபோனது. லிங்கன் படை அனுப்பத் தயாராக இருந்தும், தன் நாற்காலிக்காக ரத்தம் சிந்தக் கூடாது என்று வேண்டாமென்றார். மூத்த மகனோ அதே தென்மாநிலப் படையில் சேர்ந்து ஷைலோ போரில் அடிபட்டான். நெடுஞ்சாலைச் சிலையைவிட இந்த வீடுதான் அவரைக் காட்டுகிறது என்பேன்.

ஒன்றை மறைக்கக் கூடாது. அவர் கடைசிவரை அடிமைகளை வைத்திருந்தவர். அவர்களில் ஒருவரான ஜோஷுவா ஹூஸ்டன், விடுதலைக்குப் பிறகு இதே ஊரில் நகரமன்ற உறுப்பினர் ஆனார். சிலை வைத்த ஊரில் அந்தப் பெயரை இன்னும் உரக்கச் சொல்ல வேண்டும் என்பது என் கருத்து.

இருவரும் இருப்பது ஓக்வுட் கல்லறைத் தோட்டத்தில். இனி டாக்சியே வேண்டாம் என்று வெயிலில் நடந்தே போனேன், கால் வலி அதனால்தான். சாம் ஹூஸ்டன் கல்லறையில் அமெரிக்க ஜனாதிபதியாக இருந்த ஆண்ட்ரூ ஜாக்சன் சொன்னது செதுக்கியிருக்கிறது: ஹூஸ்டனின் புகழை உலகம் பார்த்துக்கொள்ளும். கல்லைச் சுற்றி வந்து மனைவி மார்கரெட்டைத் தேடினேன். சாகும்போது ஹூஸ்டன் சொன்னது டெக்சாஸையும் மார்கரெட்டையும்தானாம். அந்த அம்மா இங்கே இல்லை. 1867-ல் மஞ்சள் காய்ச்சலில் இறந்து, இன்டிபென்டென்ஸ் என்ற ஊரிலேயே புதைக்கப்பட்டார்.

அங்கே போக நேரடி பஸ் கிடையாது. அடுத்த சனிக்கிழமைக்கு அத்தானிடம் கார் கேட்டிருக்கிறேன், பெட்ரோல் என் செலவு.