தேசாதிபதிக்கு மேலே ஓர் அட்மிரல்

போர்க்காலத்தில் தளபதியும் நிர்வாகமும் முட்டிக்கொள்வது அநேகமாகக் கூலிக் கணக்கில்தான். இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் நெருங்கியபோது, பிரித்தானியர் ஆண்ட சிங்கப்பூரில் அரண் வேலைக்கு ஆள் தேவைப்பட்டது. படை எவ்வளவு நாட்கூலி கொடுக்கலாம் என்பதை லண்டன் முடிவுசெய்தது. தோட்டத்தில் அதைவிடக் கூடக் கிடைத்தது. யார் வருவார்? 1941 டிசம்பர் 31இல் பிரித்தானிய அமைச்சர் டஃப் கூப்பர், பிரிகேடியர் சிம்சனை சிவில் பாதுகாப்புத் தலைவராக்கி முழு அதிகாரம் கொடுத்தார். தேசாதிபதி (ஆளுநர்) ஷென்டன் தோமஸ் அதைச் சிங்கப்பூர், ஜொகூர் மட்டுக்கு வெட்டிச் சுருக்கினார். ஆறரை வாரத்தில் நகரம் ஜப்பானியரிடம் விழுந்தது.

அந்த இழுபறியைக் கிட்ட நின்று பார்த்தவர் பிரித்தானியக் கடற்படை அட்மிரல் ஜெஃப்ரி லேட்டன். 1942 மார்ச்சில் அவரை இலங்கையின் பிரதம தளபதியாகக் கொழும்பில் அமர்த்தினார்கள். முப்படை மட்டுமல்ல, தேசாதிபதி அண்ட்ரூ கல்டிகொட்டும் அவருக்குக் கீழே. காகிதத்தில் பார்த்தால் சர்வாதிகாரம்தான்.

நடைமுறையில் அது ஒரு மேசை. போர்ச் சபையில் தேசாதிபதி, அமைச்சர்கள், தளபதிகள், சிவில் பாதுகாப்பு ஆணையாளர் ஒலிவர் குணதிலக்க எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்தார்கள். கோப்பு செயலகத்தைச் சுற்றிவரத் தேவையில்லை. கொழும்பு கறுவாத்தோட்டத்துக் குதிரைப் பந்தயத் திடலான ரேஸ் கோர்ஸ் விமான ஓடுபாதையானது. ஏப்ரல் 5, உயிர்த்த ஞாயிறு காலையில் ஜப்பானியர் கொழும்பைத் தாக்கியபோது, 258ஆம் ஸ்குவாட்ரனின் ஹரிக்கேன் போர் விமானங்கள் அங்கிருந்துதான் எழும்பின. இரத்மலானையிலோ, ஜப்பானிய விமானங்கள் தலைக்கு மேல் வந்தபோதும் ஹரிக்கேன்கள் தரையில் நின்றன.

இதெல்லாம் கட்டளையால் முடிகிற வேலை. ஆளைப் பிடித்து வைப்பது அப்படியல்ல. குண்டு விழுந்தபின் துறைமுகத் தொழிலாளர் பலர் ஊரைவிட்டே போனார்கள். கப்பல் வரும், மூட்டை இறக்க ஆளிருக்காது. ரங்கூன் விழுந்து பர்மா அரிசியும் நின்றுபோயிருந்த நேரம். இங்கே உண்ட அரிசியில் பெரும்பங்கு வெளியிலிருந்து வந்தது. ஓடிப்போனவனைத் திரும்பக் கூட்டிவர சாப்பாடு, கூலி, பதுங்கிடம் மூன்றும் வேண்டும். லேட்டன் கடும் வாய்க்காரர். ஆனாலும் அந்தப் பக்கத்தைக் குணதிலக்கவிடமே விட்டார். லேட்டன் செய்த புத்தியான காரியம் அதுதான் என்பேன்.

அமைச்சர்கள் வேறு வகைச் சிக்கல். 1931 டொனமூர் அரசியலமைப்பின்படி அவர்கள் வாக்கால் வந்தவர்கள். விலகிவிட்டால் அவர்களின் திணைக்களங்களை அட்மிரலா நடத்துவது? சீர்திருத்த வாக்குறுதி கேட்டுக் கல்டிகொட் லண்டனை நெருக்கியபோது லேட்டனும் கூட நின்றார். 1943 மே மாதம், போர் முடிந்ததும் உள்நாட்டு விவகாரங்களில் பொறுப்பாட்சி, அதாவது மக்கள் பிரதிநிதிகளுக்குப் பதில் சொல்லும் ஆட்சி, என்ற அறிவிப்பு வந்தது. பாதுகாப்பையும் வெளிவிவகாரத்தையும் லண்டன் தன் கையிலேயே வைத்துக்கொண்டது.