பிரிட்டோரியாவில் கோப்பு கேட்டு அலைந்த கதை

தென்னாப்பிரிக்கா பிற ஆப்பிரிக்க நாடுகளுக்குக் கொடுக்கும் உதவிப் பணம்தான் என் ஆய்வு. நிறவெறி அரசு 1968இல் ஒரு கடன் நிதிச் சட்டம் போட்டது, பக்கத்து நாடுகளில் நட்பை விலைக்கு வாங்க. லிலோங்வேயில் புதுத் தலைநகர் கட்ட மலாவிக்குக் கடன் கொடுத்த காலம் அது. ஜனநாயகம் வந்தபின், 2000இல் அந்தச் சட்டத்தை எடுத்துவிட்டு ஆப்பிரிக்க மறுமலர்ச்சி நிதியைக் கொண்டுவந்தார்கள். பெயர் மாறியது சரி, யாருக்குக் கொடுப்பது என்று முடிவெடுக்கும் விதமும் மாறியதா?

பழைய கோப்புகளில் சிக்கலே இல்லை. 20 ஆண்டு தாண்டியவை தேசிய ஆவணக் காப்பகத்தில் திறந்தே இருக்கும். டர்பனிலிருந்து இரவு பஸ் பிடித்துப் போய் உட்கார்ந்தால் வேலை முடிந்தது.

புதியவைதான் உயிரை எடுத்தன. அவை பல அலுவலகங்களைச் சுற்றி வருபவை, நான் போன துறை எது என்பது இங்கே வேண்டாம். பையா (PAIA) சட்டத்தில் (அரசிடம் தகவல் கேட்டு வாங்கும் தென்னாப்பிரிக்கச் சட்டம்; இந்தியாவின் ஆர்டிஐக்கு அண்ணன், 2000இல் வந்தது) மனுப் போட்டேன். அவர்கள் இணையதளத்தில் இருந்த மின்னஞ்சலுக்கு அனுப்பியது திரும்பி வந்தது. நேரில் போனால், முன்மேசையில் இருந்தவர் அவர்கள் தளத்திலிருந்தே இறக்கிய படிவத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டு, இது பழசு, 2021க்குப் பிறகு புதுப் படிவம் என்றார். எழுதி நீட்டினேன். எதற்கு வேண்டும், உன் பேராசிரியரிடம் கடிதம் வாங்கி வா என்று அடுத்த கதை. அரசுத் துறையிடம் கேட்கக் காரணமே சொல்லத் தேவையில்லை, சட்டத்திலேயே இருக்கிறது. பதினோராம் பிரிவை அச்செடுத்துப் பையில் வைத்துக்கொள்ளுங்கள், அங்கே வாதாடுவதைவிட அந்தத் தாளை நீட்டுவது சுலபம்.

30 நாளில் பதில் வர வேண்டும். வரவில்லை. போன் போட்டால் "பார்க்கிறோம்". டர்பனின் சாட்ஸ்வொர்த்தில் எங்கள் தெருவில், நகராட்சியில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற மாமா ஒருவர் இருக்கிறார். "போன்ல கேக்காதம்மா, எழுத்துல கேளு. அவங்க சும்மா இருந்தாலே மறுத்த மாதிரிதான்" என்றார். உண்மைதான், கெடு முடிந்தால் மறுப்பு என்றே சட்டம் எடுத்துக்கொள்கிறது. அப்புறம் துறைக்குள்ளேயே மேல்முறையீடு செய்ய 60 நாள். போனில் பேசிப் பேசியே அந்த நாட்களைக் கோட்டை விட்டவர்களை எனக்குத் தெரியும்.

மேல்முறையீட்டுக்கு மட்டும் பதில் வந்தது: வெளிநாட்டு உறவு பாதிக்கும், முழுக் கோப்பும் கிடையாது. இங்கேதான் 28ஆம் பிரிவு கைகொடுத்தது. மறைக்க வேண்டியதை மறைத்துவிட்டு மிச்சத்தைக் கொடுத்தாக வேண்டும் என்கிறது அது. அதைச் சுட்டி இன்னொரு கடிதம் போட்டபின் ஒரு கட்டுத் தாள் வந்தது, பாதிக்கு மேல் கறுப்புப் பட்டை. ஒரு பக்கத்தில் திட்டத்தின் தொகையைப் பட்டையாக அடித்திருக்கிறார்கள், அதே தொகை அவர்களே நாடாளுமன்றத்தில் வைத்த ஆண்டறிக்கையில் பச்சையாக இருக்கிறது! சிரிப்பதா அழுவதா தெரியவில்லை. ஆனால் யார் பரிந்துரைத்தார்கள், எந்தத் தேதியில் என்பது மறைக்கப்படவில்லை. எனக்கு அதுதான் வேண்டும்.

மீதிக்குத் தகவல் ஒழுங்குமுறை ஆணையத்தில் புகார் போட்டிருக்கிறேன், அப்படிப் புகார் போட 180 நாள் கெடு. புகாரோடு அந்த ஆண்டறிக்கைப் பக்கத்தையும் இணைத்திருக்கிறேன்.