பொலன்னறுவை, பாசிக்குடா: போக முதல்

ஏப்ரல் 27

சீட்டு விழுந்துவிட்டது. கையில் 40,000. இதில் ஒரு சதமும் கூரைக்கோ தையல் மெஷினுக்கோ போகாது என்று வீட்டில் எல்லோருக்கும் சொல்லியாயிற்று. தம்பி கட்டாருக்கு ஏற முதல் நாங்கள் ஒன்றாக ஓரிடம் போய் வர வேண்டும். அம்மா, தம்பி, நான், மகள்.

பொலன்னறுவை. அங்கிருந்து பாசிக்குடாக் கடற்கரை.

ஏப்ரல் 28

தம்பிக்குத் திருகோணமலைதான் வேண்டுமாம். கோணேஸ்வரத்தைக் கும்பிட்டுவிட்டு நிலாவெளியில் ஒரு குளிப்பு, ஒரே நாளில் முடியும், செலவும் பாதி என்கிறான். "பொலன்னறுவையில எங்களுக்கு என்ன இருக்குது அக்கா?"

அந்தக் கேள்விதான் எனக்குப் பொறுக்கவில்லை. சோறு போட்டுக்கொண்டே சொல்லத் தொடங்கி, அவன் கை காயும்வரை சொன்னேன். 993இல் இராசராசனின் படை அநுராதபுரத்தைப் பிடித்த பிறகு சோழர் தலைநகராக வைத்துக்கொண்டது பொலன்னறுவையை. ஜனநாதமங்கலம் என்று பெயரும் வைத்தார்கள். 1070இல் விஜயபாகு திரும்பப் பிடிக்கும்வரை அங்கேயிருந்துதான் ஆட்சி. அந்தக் காலத்துச் சிவன் கோயில் ஒன்று, வானவன்மாதேவி ஈஸ்வரம், இன்றும் நிற்கிறது. அடியிலிருந்து விமானம்வரை கல். அந்த ஊரில் நிற்கிற கட்டடங்களில் அதுதான் பழையது. சுவரில் அதிராசேந்திர சோழன் காலத்துத் தமிழ்க் கல்வெட்டு. பலகையில் "சிவ தேவாலயம் இல. 2" என்று இலக்கம் மட்டும் கொடுத்திருப்பார்கள், அதைப் பார்த்துவிட்டுக் கடந்து போய்விடக் கூடாது.

உயர்தரத்தில் வரலாறு எடுத்த காலத்திலிருந்து அந்தச் சுவருக்குப் பக்கத்தில் நிற்க வேண்டும் என்று இருக்கிறேன். மகள் இப்போது எழுத்துக் கூட்டி வாசிக்கிறாள். ஆயிரம் வருடத்து எழுத்து முழுக்கப் பிடிபடாது, தெரியும். ஒரு சில எழுத்தாவது அவளே கண்டுபிடிக்கட்டும்.

தம்பி கை கழுவப் போகும்போது "சரி" என்றான்.

மே 2

வான் விசாரித்தேன். மூன்று நாளுக்கு 60,000, சாரதியின் சாப்பாடு வேறு. அந்தப் பேச்சை விட்டாயிற்று.

பஸ்தான். ஒட்டுசுட்டானிலிருந்து மாங்குளம், அங்கிருந்து வவுனியா. வவுனியாவில் தம்புள்ளைப் பக்கம் போகிற பஸ்ஸில் ஏறி மரதன்கடவலையில் இறங்கினால் ஹபரணைக்கு மாறலாம். ஹபரணைச் சந்தியில் கொழும்பிலிருந்து வரும் மட்டக்களப்பு பஸ் பிடிபடும். இல்லையென்றால் கதுருவெல பஸ். பொலன்னறுவையில் பெரிய பஸ் நிலையமும் ரயில் நிலையமும் கதுருவெலயில்தான் இருக்கின்றன. பழைய நகரம் அங்கிருந்து நாலு கிலோமீற்றர் போல. பழைய நகரத்துக்குப் பக்கத்திலேயே இறக்கிவிடச் சொல்லலாம்.

ரயில் என்றால் மாங்குளத்தில் ஏறி மாகோ வரை தெற்கே போய், அங்கே மட்டக்களப்பு ரயிலுக்கு மாறி மறுபடி கிழக்கே வரவேண்டும். மகளுக்கு ரயில் ஆசை. ஆனால் அம்மாவின் முழங்காலோடு மாகோ மேடையில் மணிக்கணக்கில் காத்திருக்க முடியாது.

மே 5

அம்மா விளக்குமாற்றைப் பிடித்தபடி கேட்டார்: "அந்தக் கடல் ஆழமோ பிள்ளை?"

மே 8

வாழைச்சேனைச் சின்னம்மாவோடு இரவு நெடுநேரம் பேசினேன். இரண்டாம் இரவு அவரிடம்தான் தங்கல். காசு என்ற பேச்சை எடுத்ததும் கோபித்துக்கொண்டார். காலபோக அரிசி பத்துக் கிலோ, ஒரு போத்தல் தேன், பனங்கட்டி கொண்டுபோகிறேன் என்று சமாதானப்படுத்தினேன்.

கடலைப் பற்றித்தான் அதிகம் கேட்டேன். பாசிக்குடாவில் வெளியே முருகைக்கல் பார், அதாவது பவளப்பாறைத் திட்டு, இருப்பதால் அலை அங்கேயே உடைந்துவிடுகிறது. குடாவுக்குள் தண்ணீர் குளம் மாதிரி. நெடுந்தூரம் நடந்தாலும் இடுப்பளவுதான். இது சித்திரை தொடங்கிப் புரட்டாதி வரைக்கும். வாடைக் காலத்தில் அந்தப் பக்கமே போகக் கூடாது என்றார். பக்கத்துக் கல்குடா அப்படியில்லை, அங்கே அலையும் ஆழமும் இருக்கு, பிள்ளையை விடாதே என்று இரண்டு தரம் சொன்னார். பெரிய ஹோட்டல்களுக்கு நடுவில் ஊர்ச் சனம் இறங்குகிற பொதுக் கரை ஒன்று இருக்கிறது. அங்கே ஒரு சதமும் கொடுக்க வேண்டாம்.

ஃபோனை அம்மாவிடம் கொடுத்தேன். அம்மா கடலைத் தவிர எல்லாவற்றையும் கேட்டார். சின்னம்மாவின் மாட்டைக்கூட.

மே 11

வெசாக், பௌத்தர்களின் திருநாள் சனம். பஸ்ஸெல்லாம் நிரம்பி வழிகிறதாம். ஜூனில் அவர்களின் பொசன் பௌர்ணமி வந்தால் அநுராதபுரம், மிகிந்தலைப் பாதை இன்னும் மோசமாகும். நாங்கள் போகிற வழியே மிகிந்தலையால்தான். இரண்டுக்கும் நடுவில் போய் வந்துவிட வேண்டும்.

வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்கு முன் வீட்டில் நிற்க வேண்டும் என்பது அம்மாவின் கண்டிப்பு. அதுவும் சரிதான்.

மே 14

ஏஜென்சியிலிருந்து இன்றும் ஒன்றும் இல்லை. பாஸ்போர்ட் அவர்களிடம்.

மே 15

நித்திரை இல்லை. எழுந்து கணக்குப் போட்டேன். நாலு பேருக்கும் மூன்று நாள் பஸ் 14,000. பொலன்னறுவையில் ஒரு இரவு அறை 5,000, நாலு பேரும் ஒரே அறை, மின்விசிறி போதும். ஓட்டோவும் சைக்கிளும் 4,000. சாப்பாடு 6,000. முதல் நாள் முழுக்கக் கட்டுச்சோறு என்றால் இதுவும் குறையும்: புளிச்சோறு, இரவுக்கு ரொட்டியும் கட்டைச் சம்பலும். மிச்சம் 11,000 கையிருப்பு. அதைத் தொடாமல் கொண்டுவந்து தம்பியின் கையில் கொடுக்க வேண்டும். கொழும்புக்குப் போகிற அன்று அவன் பையில் காசில்லாமல் நிற்கக் கூடாது.

ஆனால் அவன் நாள் எப்போது என்று தெரியாமல் எந்த அறையைச் சொல்லி வைப்பது? முற்பணம் கட்டினால் திரும்பி வராது. கட்டாமல் போய் அறை கிடைக்காவிட்டால் அம்மாவை எங்கே இருத்துவது? இரண்டு வருட ஒப்பந்தம் என்கிறார்கள். இரண்டு வருடம் என்று போனவர்கள் எத்தனை பேர் இரண்டு வருடத்தில் வந்தார்கள்? எதிர் வீட்டுப் பிள்ளை தகப்பனை ஃபோனில் பார்த்தே வளர்ந்து பள்ளிக்கூடம் போகிறது. எனக்கு இந்த மூன்று நாள் வேண்டும். வேறொன்றும் கேட்கவில்லை, மூன்றே நாள்.

விடியப்போகிறது. மயில் கத்துகிறது.

மே 18

முள்ளிவாய்க்காலுக்குப் போய் வந்தோம்.

மே 19

அம்மா பேசவில்லை. கஞ்சி வைத்த பானையை மட்டும் திரும்பத் திரும்பக் கழுவினார்.

மே 20

"நீங்கள் போங்கோ, நான் வீட்டைப் பாக்கிறன்" என்கிறார் அம்மா. கோழி, நாய், கிணற்றடி என்று காரணங்கள். அண்ணி பார்த்துக்கொள்வா என்று சொல்லியும் கேட்கவில்லை.

முந்தி வற்றாப்பளை விளக்குக்குக் கடல்நீர் எடுக்கும்போது தீர்த்தக்கரையில் முன்வரிசையில் நின்றவர் என் அம்மா. உப்புத் தண்ணீரில் விளக்கு எரிவதை எனக்குத் தூக்கிக் காட்டியவர். முல்லைத்தீவுக் கரை எங்கள் வீட்டிலிருந்து ஒரு மணித்தியாலம் இல்லை. இப்போது போவதில்லை.

அலை அடிக்காத கடலைத்தான் நான் தேடினேன் என்று அவரிடம் எப்படிச் சொல்வது?

மே 23

இன்று மனம் நல்லாயிருக்கிறது. சீருடை வேலையும் முடிந்தது, காசும் வந்தது.

பொலன்னறுவைக்கு ஒழுங்கு போட்டேன். போய்ச் சேர்கிற அன்று பின்னேரம் பராக்கிரம சமுத்திரக் கட்டில் நடப்பது மட்டும். மழைத்துளி ஒன்றுகூட மனிதருக்குப் பயன்படாமல் கடலில் சேரக் கூடாது என்ற பராக்கிரமபாகுவின் குளம். முத்தையன்கட்டுக் குளத்துத் தண்ணீரைப் பார்த்து வளர்ந்த எங்களுக்கு ஒரு குளத்தின் அருமையைச் சொல்லித்தர வேண்டியதில்லை. அம்மாவுக்கு அந்தக் கட்டு கட்டாயம் பிடிக்கும்.

மறுநாள் வெயில் ஏற முன் உள்ளே போய்விட வேண்டும். டொலரில் டிக்கெட் வெளிநாட்டவர்க்குத்தான், எங்களுக்கு அடையாள அட்டை போதும். அம்மாவின் அட்டையைத் தேடி எடுத்து வைத்தேன். இடிபாடுகள் கிலோமீற்றர் கணக்கில் பரந்து கிடக்கின்றன. தம்பியும் மகளும் சைக்கிள், நானும் அம்மாவும் ஓட்டோ. கல்விகாரையின் படுத்த புத்தர் 14 மீற்றர் நீளம், ஒரே பாறையில் செதுக்கியது. அங்கே செருப்பைக் கழற்ற வேண்டும், பதினொரு மணிக்குப் பிறகு கால் வைக்க முடியாத சூடு. காலுறை நாலு சோடி. புத்தருக்கு முதுகைக் காட்டி நின்று படம் எடுக்கக் கூடாது என்று தம்பிக்கு இப்போதே சொல்லிவிட்டேன்.

அட்டதாகே என்கிற இடிபாட்டுக்குப் பக்கத்தில் வேளைக்காரர் கல்வெட்டு. தந்ததாதுக் கோயிலைக் காப்போம் என்று வேளைக்காரப் படையினர் பொறுப்பேற்றதைச் சொல்கிற கல், தமிழில். சிங்கள அரசனின் தலைநகரில் புத்தரின் பல்லுக்குக் காவல் என்று தமிழில் வெட்டிய கல்லை மகளுக்குக் காட்டாமல் வரமாட்டேன். பிறகு கடைசியாக, அவசரமே இல்லாமல், வானவன்மாதேவி. உள்ளே லிங்கம் இருக்கிறது. கற்பூரமும் திரியும் எண்ணெயும் கொண்டுபோகிறேன்.

பொலன்னறுவையில் கண்டெடுத்த வெண்கலச் சிலைகளில் நல்லவை பல கொழும்பு நூதனசாலையில். அது வேறொரு பயணம்.

மே 26

தம்பிக்கு நாள் வந்துவிட்டது. ஜூன் 6 இரவு.

மே 27

ஒன்றும் எழுத வரவில்லை.

மே 28

ஜூன் 2 காலை வெளிக்கிட்டு 4 இரவு வீடு. 5ஆம் திகதி அவன் கொழும்புக்கு ஏற வேண்டும். ஒரு நாளும் இடைவெளி இல்லை. அவனே சொன்னான்: "விடக் கூடாது அக்கா, போவம்." அறைக்கு முற்பணம் அனுப்பிவிட்டேன்.

திரும்பி வரும் பாதையையும் அவனுக்காக மாற்றினேன். வாழைச்சேனையிலிருந்து வாகரை, மூதூர், கிண்ணியாப் பாலம் வழியாகத் திருகோணமலை. கோணேஸ்வரத்தில் ஒரு தேங்காய். பிறகு ஹொரவப்பொத்தானை வழியாக வவுனியா. பஸ் காசு ஏறக்குறைய அதே அளவுதான். அவன் கேட்டதும் கிடைக்கட்டும்.

மே 30

ஹபரணை - மின்னேரியாப் பாதையில் பின்னேரங்களில் யானை இறங்குமாம். வெளிச்சத்திலேயே கடக்க வேண்டும். அதனால் ஒட்டுசுட்டானில் முதல் பஸ்.

மே 31

அம்மா வருகிறார்! தானாகவே சொன்னார். "கரையில இருப்பன். தண்ணியில கால் வைக்கச் சொல்லிக் கேக்கக் கூடாது."

கேட்கமாட்டேன்.

ஜூன் 1

அரிசி கட்டியாயிற்று. தேன் போத்தலுக்கு மெழுகு வைத்துத் துணி சுற்றினேன். கற்பூரம், திரி, அடையாள அட்டைகள், காலுறை, அம்மாவின் முழங்கால் எண்ணெய். காசு மூன்று இடத்தில்: என் பை, தம்பியின் பை, அம்மாவின் முடிச்சு. மகள் ஒரு வெற்றுக் கொப்பியும் பென்சிலும் வைத்திருக்கிறாள், கல்லில் தெரிகிற எழுத்தை எழுதி வருவதற்காம். நான் சொல்லிக் கொடுக்கவில்லை.

மூன்றரைக்கு எழும்ப வேண்டும். புளிச்சோற்றுக்குப் புளி கரைத்து வைத்துவிட்டேன்.

தம்பி முற்றத்தில் யாரோடோ ஃபோனில் கதைத்துக்கொண்டு நிற்கிறான். ஏஜென்சிக்காரர் போல. இந்த நேரத்தில் ஏன்? வைத்தவுடன் கேட்க வேண்டும்.