மே, நோஸ்

"அவர் 'மே' என்றாரா, 'நோஸ்' என்றாரா?"

போனில் அந்தப் படத்தின் திரைக்கதையை எழுதிய அம்மா கேட்டது இவ்வளவுதான். நினைவில்லை என்றேன். நன்றாகவே நினைவிருந்தது.

ஸ்பானிய மொழியில் 'செ மே ஒகுர்ரியோ' என்றால் எனக்குத் தோன்றியது. 'செ நோஸ் ஒகுர்ரியோ' என்றால் எங்களுக்குத் தோன்றியது. இறுதிக்காட்சி எப்படி வந்தது என்று நிருபர் கேட்டதற்கு இயக்குநர் சொன்னது இரண்டாவது. அன்றைக்கு அது ஒன்பதாவது பேட்டி. அவருக்கு மொழிபெயர்த்த நான் ஆங்கிலத்தில் 'எனக்கு' என்று சொல்லிவிட்டேன், அப்படியே அச்சாகிவிட்டது. இயக்குநருக்கு ஓரளவு ஆங்கிலம் தெரியும். அவர் திருத்தியிருக்கலாமே என்று இரண்டு வருடமாக எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன்.

இயக்குநருக்கு அந்தத் தப்பு தெரியாமலே போயிருக்கலாம். எனக்குத் தெரியும். நிதி விண்ணப்பத்துக்காக அந்தத் திரைக்கதையின் முதல் பிரதியை மொழிபெயர்த்தவன் நான். அதிலேயே அந்தக் காட்சி இருந்தது: வராமல் போனவனுக்கு வைத்த தட்டை எடுக்காமல், அதைச் சுற்றி மேசையைத் துடைக்கிறாள். வசனமே கிடையாது.

ஸ்பானிய இயக்குநர் பெர்லாங்காவின் 'எல் வெர்துகோ' படத்தை (1963) நினைத்துக்கொள்வேன். வெள்ளைவெளேரென்ற வெற்றுக்கூடம், மரண தண்டனையை நிறைவேற்றுபவனையும் சாகப்போகிறவனைப் போலவே இழுத்துப் போகிறார்கள். படத்தின் விதையே அந்தப் பிம்பம்தான், அது பெர்லாங்காவுடையது. அதுவரை நம்மைக் கூட்டிப்போகும் கதையை அவரோடு உட்கார்ந்து கட்டியவர் திரைக்கதையாசிரியர் அஸ்கோனா. எது யாருடையது என்று எப்படிப் பிரிப்பது? அஸ்கோனா பேட்டிகளையே தவிர்த்தவர். இது கொஞ்சம் ஆறுதல். அப்புறம் மெக்சிகோவின் திரைக்கதையாசிரியர் அர்ரியாகாவும் இயக்குநர் இன்யார்ரிட்டுவும் நினைவுக்கு வருவார்கள். சேர்ந்து மூன்று படம் செய்தவர்கள், படம் யாருடையது என்ற கேள்வியில்தான் பிரிந்தார்கள்.

ஸ்பெயினின் 1996 அறிவுசார் சொத்துச் சட்டத்தில் இயக்குநரைப் போலவே கதை, திரைக்கதை, வசனம் எழுதியவர்களும் படத்தின் ஆசிரியர்கள்தான். என் ஒரு சொல் அந்த உரிமையைப் பறித்துவிடாது. சரி. ஆனால் அந்த அம்மா கேட்டது உரிமையைப் பற்றி இல்லையே. இத்தனை வருடம் கூட இருந்தவர் தன்னை மறந்துவிட்டாரா என்றுதான் கேட்டார். மறக்கவில்லை என்று சொல்லக்கூடிய ஒரே ஆள் நான். சொன்னால் தப்பு என்னுடையதாகிவிடும்.

இயக்குநரின் அடுத்த படத்தில் அந்த அம்மாவின் பெயர் இல்லை. ஏற்கெனவே அவர்களுக்குள் சரியில்லை என்றும் கேள்விப்பட்டேன். அதை நான் நம்ப விரும்புகிறேன், அதனாலேயே அதில் சந்தேகமும் இருக்கிறது.

போன இலையுதிர்காலத்தில் மாட்ரிட்டின் தோரே தியேட்டரில் அந்த அம்மாவைப் பார்த்தேன். பக்கத்து இருக்கையிலிருந்த தன் கோட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, உட்காரச் சொன்னார். படம் முடிந்து அந்தோன் மார்த்தின் மெட்ரோ வரை சேர்ந்து நடந்தோம். வேலையெல்லாம் எப்படிப் போகிறது என்று கேட்டார்.

நன்றாகப் போகிறது என்றேன்.