வெயில் பாடிய மத்தியானம்

உயர்தரத்தில் எங்களோடு படித்த நாடகப் பைத்தியம் ஒருவன் 1993இல் ஒரு நாடகம் எழுதினான். கற்பனைத் தேசம் ஒன்று. அங்கே எவருக்கும் பாடக் குரல் கிடையாது. அரண்மனை முற்றத்தில் எட்டுப் பேர் நின்று வெயிலைக் கையில் ஏந்தி இசையாக்குவார்கள். மேகம் வந்துவிட்டால் நாடே ஊமை. பரிசளிப்பு விழாவுக்கு அதையே தெரிவு செய்தார்கள். திரைக்குப் பின்னால் ஓர் ஆர்மோனியம் இருந்தால் போதும் என்றுதான் நினைத்திருந்தோம். பௌதிகவியல் சேர் பிரதியை வாசித்துவிட்டு, "ஏன் பொய்யாகப் பாட வேண்டும்? வெயிலையே பாட வைக்கலாமே" என்றார்.

1990 ஜூனில் சண்டை மீண்டும் மூண்ட பிறகு யாழ்ப்பாணக் குடாநாட்டில் மின்சாரம் இல்லை. பற்றரி தடைசெய்யப்பட்ட பொருள். சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, டைனமோவைச் சுழற்றி வானொலிச் செய்தி கேட்ட காலம் அது. பழைய மாணவர்களின் இம்மலரை வாசிக்கும் பலருக்கு அதை விளக்கத் தேவையில்லை. உங்கள் பிள்ளைகளுக்கு விளக்கிப் பாருங்கள், நம்ப மாட்டார்கள். வெயிலுக்கு மட்டும் அப்போது தடை இருக்கவில்லை.

தொலைபேசியைத் தந்த கிரகாம் பெல், 1880இல் வாஷிங்டனில் ஒரு பள்ளிக்கூட மாடியிலிருந்து 213 மீட்டர் தூரத்துக்குத் தன் உதவியாளரைக் கொண்டு சூரிய ஒளியில் பேச்சை அனுப்பிய கதையைச் சேர் சொன்னார். சூரியக் கதிர் சிரிக்கவும் இருமவும் பாடவும் கேட்டதாகப் பெல் தன் தந்தைக்கு எழுதினாராம். அவருக்கு ஒளியை உணரும் செலினியம் கிடைத்தது. எங்களுக்குக் கிடைத்தது ஓ.சி. 71. பழைய வானொலிகளில் இருக்கும் ஜெர்மானியம் டிரான்சிஸ்டர். கறுப்பு மை பூசிய சின்னக் கண்ணாடிக் குப்பி, மூன்று கால்கள். வெளிச்சம் உள்ளே போகக் கூடாதென்பதற்காகவே அந்த மை. பிளேட்டால் அதைச் சுரண்டிவிட்டால் ஒளியை உணரும் கண் ஆகிவிடும். ரேடியோ திருத்தும் கடைகளில் கெஞ்சி எட்டுச் சேர்த்தோம்.

இனித் தட்டு. சைக்கிளின் பின் சில்லில் வளையத்தையும் கம்பிகளையும் கழற்றிவிட்டு, நடுக்குடத்தில் வட்டமான தகரத் தட்டைப் பூட்டினோம். அதில் எட்டு வட்டங்களில் 24, 27, 30, 32, 36, 40, 45, 48 என்று ஆணியால் துளைகள். இந்த எண்களின் விகிதம்தான் சங்கராபரண ராகத்தின் ஆரோகணம், அதாவது ச ரி க ம ப த நி ச என்ற ஏறுவரிசை. தட்டு விநாடிக்கு ஆறு தடவை சுற்றினால் 24 துளை வட்டம் ஒளியை 144 தடவை வெட்டும், அந்தத் துடிப்பை ஓ.சி. 71 உணர்ந்து ஒலிபெருக்கிக்கு அனுப்பினால் அது ஷட்ஜம், ச. 36 துளை வட்டம் 216 தடவை, அது பஞ்சமம், ப. மொத்தம் 282 துளை. கஷ்டம் கொடுத்தது 27 துளை ரிஷபம், ரி ஒன்றுதான். 360 பாகையை 27ஆல் பிரித்தால் பதின்மூன்றும் மூன்றிலொன்றும் வரும். அதைப் பாகைமானியில் யார் குறிப்பது? துளைகள் அங்குமிங்கும் விலகி, எங்கள் ரிஷபம் கடைசிவரை தொண்டை கட்டிய குரலிலேயே பாடியது.

விழாவைப் பகலில், முற்றத்திலேயே வைத்தார்கள். வெள்ளை வேட்டியில் எட்டுப் பேர், கையில் முகம் பார்க்கும் கண்ணாடி. விறாந்தை நிழலில் தட்டு, அதன் பின்னால் வட்டத்துக்கு ஒன்றாக எட்டு ஓ.சி. 71. தட்டுக்கு முன்னால் எட்டு ஜன்னல் வெட்டிய பலகை, ஒவ்வொரு ஜன்னலும் ஒருவனுடைய வட்டத்துக்கு மட்டும். கண்ணாடியைத் திருப்பி வெயிலைத் தன் ஜன்னலில் விழுத்தினால் அவன் சுரம் ஒலிக்கும். ஒலிபெருக்கிக்கு மின்சாரம் கொடுக்க இன்னொரு சைக்கிள், இன்னொருவனின் கால்.

கதைப்படி மூன்றாம் காட்சியில் மேகம் வர வேண்டும். அன்று பார்த்து வானத்தில் பஞ்சளவு மேகமும் இல்லை. கீழ்வகுப்புப் பையன்கள் நால்வர் தடிகளில் கட்டிய படங்கைத் தூக்கிக்கொண்டு பாடகர்களின் தலைக்கு மேலாக நடந்தார்கள். நிழல் நகர நகர ச அணைந்தது, ரி அணைந்தது, க அணைந்தது. சபையில் சிலர் எழுந்து, திரைக்குப் பின்னால் ஆர்மோனியம் இருக்கிறதா என்று எட்டிப் பார்த்தார்கள்.

சங்கீத ஆசிரியைக்குத் திருப்தியில்லை. சுரத்தை அசைத்துப் பாடும் கமகமே இல்லாமல் சுரங்கள் வேலிக் கதியால் போல நிற்கின்றன என்றார். அவர் சொன்னது நியாயம். காந்தாரக்காரன் கண்ணாடியை நடுக்கிப் பார்த்தான். ஒலி கூடிக் குறைந்ததே தவிர சுரம் அசையவில்லை. சுரம் அசைய வேண்டுமானால் தட்டின் வேகம் மாற வேண்டும், வேகம் மாறினால் எட்டுப் பேரும் சேர்ந்து வழுக்குவார்கள். அதுவும் நடந்தது: தட்டைச் சுழற்றியவன் களைத்தபோது சுருதி மெல்ல இறங்கியது, ஆனால் ராகம் கெடவில்லை. விகிதங்கள் தகரத்தில் இருந்தன. களைப்பு அவற்றைத் தொட முடியாது. பல வாத்தியங்களுக்கு இல்லாத இந்தக் குணம் எனக்கு இன்றும் பிடிக்கும்.

நாடகப் பிரதி 1995 ஒக்டோபர் இடப்பெயர்வில் தொலைந்தது. தட்டு என்னவானதோ தெரியாது. மேகம் விலகியதும் எட்டுப் பேரும் பாடும் பாட்டின் சுரக்குறிப்பாவது யாருடைய பழைய கொப்பியிலாவது இருந்தால், மலர்க் குழுவுக்கு ஒரு பிரதி அனுப்பிவையுங்கள். ரிஷபக்காரன் ரொறன்ரோவில்தான் இருக்கிறான். அடுத்த ஒன்றுகூடலுக்குத் தட்டைத் திரும்பச் செய்யலாம் என்கிறான். இம்முறை 27 துளைகளையும் கணினியில் அளந்து வெட்டுவானாம்.